பிளேடால் நான் கிழித்த பூஜைப் புடவை

மூன்று வருடத்துக்கு முன்னால், துர்கா பூஜை முடிந்த மறுவாரம். சாந்த்ராகாச்சி ரயில் யார்டைத் தாண்டி, மூடிக் கிடந்த ஒரு ஃபேக்டரி. உலகமே அழிந்தபின் மிஞ்சியவர்கள் சோற்றுக்கு அடித்துக்கொள்கிற படம் ஒன்றை அங்கே எடுத்துக்கொண்டிருந்தோம். சால்ட் லேக் ஆபீஸில் என்னோடு வேலை பார்த்த பெங்காலி நண்பர்தான் டைரக்டர். சனி, ஞாயிறு மட்டும் ஷூட்டிங். நான் காஸ்ட்யூம். பேர்தான் பெரிசு; வேலை என்னவோ பழைய துணியை டீத்தண்ணியில் முக்கி, பிளேடால் கிழிப்பது.

அன்றைக்கு ஜனங்கள் பசியோடு நிற்கிற காட்சி. ஃபேக்டரிக்குப் பின்னால் குடியிருந்தவர்களையே வரவழைத்து, கந்தல் கொடுத்து உடுத்தச் சொல்லியிருந்தோம். வெளிச்சம் போகிறதென்று டைரக்டர் ஒரே கத்தல். வரிசையில் ஒரு அம்மாவின் மஞ்சள் புடவை மட்டும் பளிச்சென்று இருந்தது. யாரோ அழுக்காக்க மறந்துவிட்டார்கள் என்று எனக்கு எரிச்சல். முந்தானையைப் பிடித்து, பிளேடை வைத்து, சர்ரென்று ஒரு முழம் கிழித்துவிட்டேன்.

“ஐயோ, என்னோட புடவை திதி!” என்றார். பெங்காலியில் திதி என்றால் அக்கா.

தாமதமாக வந்தவராம். கந்தல் விஷயமே அவருக்குத் தெரியாது. சினிமா என்றதும், பூஜைக்கு வாங்கிய புதுப்புடவையைக் கட்டிக்கொண்டு ஓடி வந்திருக்கிறார். வருடத்துக்கு அது ஒன்றுதான் புதுசு. எனக்கு வெட்கத்தில் உயிரே போய்விட்டது. கிழிசலைத் தடவிப் பார்த்துக்கொண்டே நின்றார்.

“போகட்டும். சினிமாவுல நான் வருவேன்ல?”

“கண்டிப்பா வருவீங்க பௌதி” என்றேன். அந்தப் பக்கம் அண்ணியை அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

கேமரா ஓடியதும் சிரித்தார். பட்டினி கிடக்கிறவள் சிரிப்பாளா என்று டைரக்டர் தலையில் அடித்துக்கொண்டார். நாலு டேக்கிலும் அதே சிரிப்பு.

அப்புறம் எல்லாமே நாசம். ஹீரோவுக்கு டெங்கு. எழுந்து வந்தவருக்குக் கல்யாணம், தாடியை மழித்துவிட்டார். அது மறுபடி வளர்வதற்குள் ஃபேக்டரியையே இடித்துத் தரைமட்டமாக்கிவிட்டார்கள். மீதிப் படத்தை எங்கே எடுப்பது? டைரக்டர் பெங்களூருக்குப் போய்விட்டார். பௌதி வருகிற துண்டை மட்டுமாவது அனுப்புங்கள் என்று கெஞ்சினேன். ஹார்ட் டிஸ்க் செத்துப்போச்சு என்றார். அந்தச் சிரிப்பும் போச்சு.

அடுத்த பூஜைக்கு ஒரு புடவை வாங்கிக்கொண்டு போனேன். சந்தோஷமாக வாங்கிக்கொண்டார். பெட்டியைத் திறந்து பழைய மஞ்சள் புடவையைக் காட்டினார். அதைத் தைக்கவே இல்லை. படம் வந்ததும், கிழிசலைக் காட்டினால்தானே அது தான்தான் என்று சொந்தக்காரர்கள் நம்புவார்களாம்!

இப்போதும் பூஜை நெருங்கினால் போன் வரும். “படம் எப்போ வருது திதி?” இந்தத் தடவை சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனை எடுப்பேன். “இன்னும் கொஞ்சம் வேலை பாக்கி பௌதி” என்று சொல்லி வைத்துவிடுவேன். புடவையைக் கிழித்ததாவது அவசரத்தில் செய்த தப்பு. இதை வருடா வருடம் தெரிந்தேதான் செய்துகொண்டிருக்கிறேன்.