குவைத்துக்கு ஒரு பாட்டில் மழை

போன ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு வந்த ஒருவர், நான் கொடுத்த தண்ணீரைக் குடிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டார்.

பகையாளி இல்லை. சேவியர். என் கணவரை அண்ணன் அண்ணன் என்று சுற்றி வந்தவர். என்னை இன்றைக்கும் 'மைனி' என்றுதான் கூப்பிடுவார். குவைத்தில் வெல்டராக இருந்து, பிறகு தூத்துக்குடியில் செட்டிலாகி, இப்போது எழுபதைத் தாண்டிவிட்டார். சமீபத்தில் இதயத்தில் ஏதோ அடைப்பு எடுத்தார்களாம். அந்தமானில், ஹேடோவில் இருக்கும் தங்கையைப் பார்க்க பிளைட் ஏறி வந்தவர், அங்கிருந்து பஸ் பிடித்து பெரார்கஞ்சில் இருக்கும் என்னையும் பார்க்க வந்தார்.

மழை விட்டிருந்த நேரம். ஜூன் மாதப் புழுக்கம். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. உட்காரச் சொல்லி டம்ளரை நீட்டினேன்.

"மொதல்ல ஒண்ணு சொல்லிருதேன் மைனி. கேட்டுட்டு நீங்க குடுத்தா குடிக்கேன். இல்லேன்னா இப்பிடியே எந்திரிச்சுப் போயிருதேன்."

இந்த வயதில் ஒரு மனுஷன் இப்படி ஆரம்பித்தால் நீங்கள் என்ன நினைப்பீர்கள்? நானும் என்னென்னவோ நினைத்தேன். அவர் சொன்னதை மட்டும் நினைக்கவில்லை!

அதைச் சொல்வதற்கு முன்னால் உங்களை எழுபதுகளுக்குக் கூட்டிப்போக வேண்டும்.

கல்யாணமாகி நான் கப்பலில் வந்து இறங்கிய இடம் ஹேடோ. துறைமுக ஊழியர் குவார்ட்டர்ஸ், தகரக் கூரை. எனக்குப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலை. என் கணவர் சூசைக்குக் கப்பல் வந்து நிற்கும் வார்ஃபில் வேலை — கப்பல்களுக்குக் குடிதண்ணீர் ஏற்றுவது. மெயின்லேண்டிலிருந்து வந்த கப்பலைக் கட்டியதும், தொடை தடிமனுக்கு ஒரு ஹோஸைத் தோளில் போட்டுக்கொண்டு போய் மாட்டுவார். கப்பல் குடிக்கும். குடிக்கும்... குடித்துக்கொண்டே இருக்கும்.

எங்களுக்கு? அந்தமானில் வருஷத்துக்கு எட்டு மாதம் மழை. ஆனால் ஜனவரி பிறந்துவிட்டால் குழாய் இருமத் தொடங்கிவிடும். காலையில் கொஞ்ச நேரம்தான் தண்ணீர். வங்காளி, தெலுங்கு, மலையாளி, தமிழ் என்று எல்லா பாஷை பக்கெட்டும் வரிசையில் நிற்கும். அங்கிருந்து பார்த்தால் வார்ஃபில் என் வீட்டுக்காரர் கப்பலுக்கு ஹோஸ் மாட்டுவது நன்றாகத் தெரியும். என் மானம் போகும்.

"தேக்கோ டீச்சர்! உன் ஆத்மி ஜஹாஜுக்கு மட்டும்தான் பானி குடுக்குமா? நம்ம எல்லாம் ஆத்மி நஹி?" என்று பக்கத்து வீட்டு வங்காளிப் பெண் பாதி ஹிந்தியிலும் பாதித் தமிழிலும் சத்தம் போடுவாள். மனுஷருக்கு இல்லாத தண்ணீர் கப்பலுக்கு எப்படி வந்தது என்று அவள் கேட்டது நியாயம்தான்.

குவார்ட்டர்ஸில் ஒரு வழக்கம் உண்டு. வருஷத்தின் முதல் மழையை யாரும் பிடிக்கக்கூடாது. அது கூரைக்கு. துரு, காக்காய் எச்சம், இலைச் சருகு எல்லாவற்றையும் அது கழுவிக்கொண்டு போய்விடும். இரண்டாவது மழைக்குத்தான் டிரம்மைக் கொண்டுபோய்த் தகரத்துக்கடியில் வைப்பார்கள். புதுசாக வந்த எனக்கு இது தெரியுமா? நாலு மாதம் பக்கெட்டோடு அலைந்தவள், முதல் மழை விழுந்ததும் வீட்டிலிருந்த குண்டான், சட்டி, சோற்றுப் பானை வரை வெளியே வைத்து நிரப்பிவிட்டேன். தண்ணீர் டீ நிறத்தில் இருந்தது. பெருமையாக ஒரு டம்ளர் கொண்டுபோய் அவரிடம் கொடுத்தேன்.

ஒரு வாய் வைத்ததும் துப்பிவிட்டார். "ஏ டீச்சரம்மா, என்னைக் கூரையவே குடிக்கச் சொல்லுதியா?"

குவார்ட்டர்ஸ் லைன் முழுக்கச் சிரித்தது. அதே வாரம் இரண்டாவது மழை வந்தது. அவரே டிரம்மில் மொண்டு குடித்தார். விழுங்கவில்லை... கண்ணை மூடி வாயிலேயே வைத்திருந்தார். பிறகுதான் உள்ளே இறக்கினார். அவர் அப்படித்தான். ஒரு வாய் குடித்து, இது அணைத் தண்ணீர், இது ஓடைத் தண்ணீர், இது கப்பல் டாங்கில் பழசானது என்று சொல்லிவிடுவார். அந்த நாக்கைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

சேவியர் அப்போதே குவைத்தில் இருந்தார். கடல் தண்ணீரைக் காய்ச்சிக் குடிதண்ணீராக்கும் பிளாண்ட்டுக்கு பம்ப் தெரிந்த ஆட்கள் வேண்டும் என்று எழுதினார். இரண்டு வருஷக் காண்ட்ராக்ட். வந்தால் பெரார்கஞ்சில் சொந்தமாக ஒரு வீடு கட்டலாம். இவரும் புறப்பட்டுப் போய்விட்டார். அப்போது எங்களுக்குக் கல்யாணமாகி இரண்டு வருஷம்கூட ஆகவில்லை.

போனவரிடமிருந்து கடிதங்கள் வரும். எப்படி? கப்பல் வரும் அன்றைக்கு மூன்று நான்காகச் சேர்ந்து வரும். அப்புறம் வாரக்கணக்கில் ஒன்றும் வராது. ஒரே மூச்சில் படித்துவிட்டால் அடுத்த கப்பல் வரை என்ன செய்வது? வாரத்துக்கு ஒன்று என்று ரேஷன் போட்டுத்தான் பிரிப்பேன். எழுத்துப் பிழைகளைச் சிவப்பு மையில் திருத்தியும் வைப்பேன். வாத்தியார் புத்தி, எங்கே போகும்?

'டீச்சரம்மாவுக்கு' என்றுதான் ஆரம்பிப்பார். ஏங்குகிறேன், அழுகிறேன் என்றெல்லாம் ஒரு வரி இருக்காது. எல்லாம் தண்ணீர்!

"இங்கே வீட்டுக்கு இரண்டு குழாய். ஒன்று குடிக்க, இன்னொன்று செடிக்கும் கழுவுவதற்கும். இரண்டாவதில் உவர் கிணற்றுத் தண்ணீர் வரும்."

"எங்கள் பிளாண்ட் வாட்ச்மேன் இந்த ஊர்க்காரர், வயசானவர். முன்பெல்லாம் பக்கத்து நாட்டு ஆற்றுத் தண்ணீரைப் பாய்மரப் படகில் கொண்டுவந்து விற்பார்களாம். நம் ஊரில் ஊர் கப்பலுக்குத் தண்ணீர் கொடுக்கிறது. இங்கே கப்பல் ஊருக்குக் கொடுத்திருக்கிறது. குழாய் சொட்டினால் அந்த மனுஷருக்குப் பொறுக்காது. தொழுகைக்குப் போகிறவர் திரும்பி வந்து மூடிவிட்டுப் போவார்."

"காய்ச்சிய கடல் தண்ணீரில் ஒரு ருசியும் இல்லை டீச்சரம்மா. கொஞ்சம் உவர் கிணற்றுத் தண்ணீரைக் கலந்தால்தான் மனுஷன் குடிக்க முடியும். கலந்ததை மீட்டர் வைத்துப் பார்ப்பார்கள். எனக்கு மீட்டர் வேண்டாம், ஒரு வாய் போதும்."

பள்ளிக்கூடத்தில் இதையெல்லாம் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டுவேன். மழையே இல்லாத ஊரில் ஒரு சொட்டுக்கும் கணக்கு வைத்திருக்கிறார்கள். எட்டு மாதம் கொட்டுகிற ஊரில் நாங்கள் பக்கெட்டோடு நிற்கிறோம். கொட்டும்போது பிடித்து வைக்கத் தோன்றாது, வற்றிய பிறகுதான் ஓடுவோம்... தண்ணீரில் மட்டுமா இப்படி?

இரண்டு வருஷம் முடியப் போகிற சமயம். ஒரு கடிதம் வந்தது. "காண்ட்ராக்டை இன்னும் இரண்டு வருஷம் நீட்டச் சொல்கிறார்கள். கையெழுத்துப் போடட்டுமா? உன் இஷ்டம்."

நான் பதில் எழுதினேன். "உங்கள் இஷ்டம்."

சிரிக்காதீர்கள். உங்கள் வீட்டிலும் இந்த இரண்டு வார்த்தை ஓடிக்கொண்டுதான் இருக்கும். வந்துவிடுங்கள் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன். வீடு வேண்டாம், தகரக் கூரையே போதும், எனக்கு நீங்கள்தான் வேண்டும்... இப்படி மனசுக்குள் பக்கம் பக்கமாக ஓடியது. பேப்பரில் வரவில்லை. என்னால் அவர் முன்னேற்றம் கெட்டது என்று நாளைக்கு ஒரு பேச்சு வந்துவிடுமோ என்ற பயம். அதைவிடப் பெரிய சமாச்சாரம், வீம்பு. அவராகத் தோன்றி வரட்டுமே! தபாலில் போட்டுவிட்டு வந்து அவர் சட்டையை எடுத்து மோந்து பார்த்தேன். அதில் பெட்டி வாசனைதான் இருந்தது.

லீவுக்கு ஹேடோ வந்திருந்த சேவியர் அந்த ஜூனில் குவைத்துக்குத் திரும்பப் புறப்பட்டார். அவர் சொல்லிக்கொள்ள வந்த வாரத்தில்தான் இரண்டாவது மழை. டிரம் நிறைந்து வழிந்தது. எனக்கு என்ன தோன்றியதோ, ஒரு பாட்டிலைத் தேடினேன்.

அந்தமானில் அந்தக் காலத்தில் நல்ல பாட்டில் என்றால் ரம் பாட்டில்தான். குடிக்காத வீட்டிலும் நாலு இருக்கும். தேன், தேங்காய் எண்ணெய், கோயில் தீர்த்தம் வரை அதில்தான். ஒன்றைக் கொதிக்க வைத்துக் காயப்போட்டு, மழைத் தண்ணீர் நிரப்பி, கார்க் அடைத்தேன். ஈஸ்டருக்குக் கொளுத்திய மெழுகுவர்த்தியில் மிச்சம் இருந்தது. அதை உருக்கி வாயைச் சுற்றி ஊற்றினேன். பாட்டிலோடு, ஒட்டிய கவரில் ஒரு கடிதமும் சேவியரிடம் கொடுத்தேன். "நம் கூரைத் தண்ணீர். இரண்டாவது மழை. மெழுகு உடையாமல் வந்து சேர்ந்ததா என்று எழுதுங்கள்."

அவ்வளவுதான் எழுதினேன். வந்துவிடுங்கள் என்று அதிலும் எழுதவில்லை.

ஆகஸ்டில் பதில் வந்தது. "டீச்சரம்மாவுக்கு. தண்ணீர் வந்தது. மெழுகு கொஞ்சம்கூட உடையவில்லை. நம் தகரத்தின் ருசி அப்படியே இருக்கிறது. தினம் ஒரு மூடி குடிக்கிறேன். கையெழுத்துப் போடவில்லை. வருகிறேன்."

வந்தார். மறுபடியும் அதே வார்ஃப், அதே ஹோஸ். பெரார்கஞ்ச் வீட்டை மெதுவாக, வருஷத்துக்கு ஒரு சுவராகக் கட்டினோம். பிள்ளைகள் வளர்ந்தார்கள். மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரு பிப்ரவரியில், குழாய் இருமுகிற மாதத்தில், அவர் போய்விட்டார்.

ஒரு பாட்டில் தண்ணீரில் புருஷனைக் குவைத்திலிருந்து இழுத்து வந்தவள் நான் என்று கல்யாண வீடு, ஞானஸ்நான வீடு என ஒரு இடம் விடாமல் பீற்றியிருக்கிறேன். நான் எழுதும் இந்தப் பத்திரிகைப் பத்தியிலேயே முன்பு இரண்டு தடவை எழுதியாயிற்று, பழைய வாசகர்கள் அலுத்திருப்பீர்கள். நான் பீற்றும்போதெல்லாம் அவர் பக்கத்தில் உட்கார்ந்து தலையை ஆட்டிக்கொண்டிருப்பார்.

சரி, சேவியரிடம் வருவோம். டம்ளர் இன்னும் அவர் முன்னால் அப்படியே இருக்கிறது.

"மைனி, அந்தத் தண்ணி குவைத்துக்குப் போகவே இல்ல" என்றார்.

"என்ன சொல்றீங்க?"

"பம்பாய் ஏர்போர்ட்ல கூட வந்தவன் பாட்டிலப் பாத்துட்டான். ரம் பாட்டிலோட குவைத்துக்கா போற, எறங்குனதும் உள்ள தள்ளிருவான்னான். தண்ணின்னு சொன்னா எவன் நம்புவான்? அங்கேயே ஊத்திட்டு, பாட்டிலக் குப்பைத் தொட்டியில போட்டுட்டேன்."

அவரே தொடர்ந்தார்.

"அங்க போய் எறங்குனா அண்ணன் மூஞ்சியில முழிக்க முடியல. கேம்ப்ல ஒரு கலர் சோடா பாட்டிலக் கழுவி, குழாயில புடிச்சுக் குடுத்துட்டேன். மைனி குடுத்த பாட்டில் கீறல் விட்டுட்டு, அதான் மாத்திட்டேன்னு சொன்னேன். அண்ணன் உங்க லெட்டர ரெண்டு தரம் வாசிச்சாரு. பெறகு ஒரு மடக்கு குடிச்சு வாயிலயே வச்சிருந்தாரு. 'நம்ம வீட்டுத் தண்ணிதாம்ல'ன்னாரு. அது அவரு பிளாண்ட்டுல அவரே காய்ச்சுன தண்ணி மைனி! அந்தப் பொய்த் தண்ணியக் குடிச்சுட்டு நல்ல வேலைய விட்டுட்டு வந்துட்டாரே. ஆபரேஷனுக்கு முன்னால பாவசங்கீர்த்தனத்துல சொன்னேன். ஃபாதர் சிரிச்சுட்டாரு. 'அந்த அம்மாகிட்டயே போய்ச் சொல்லும், அதான் உமக்கு அபராதம்'னாரு."

எனக்கு ஒன்றே ஒன்றுதான் கேட்கத் தோன்றியது. "அப்போ மெழுகு?"

"எந்த மெழுகு மைனி?"

"பாட்டில் வாயில ஊத்தியிருந்தேனே."

"அதுவும் பாட்டிலோட பம்பாய்லயே போச்சே..."

எழுந்துபோய் டிரங்குப் பெட்டியைத் திறந்தேன். அந்தக் கடிதம் கிடைத்தது. 'மெழுகு கொஞ்சம்கூட உடையவில்லை.' அந்த வரியிலும் ஒரு பிழையைச் சிவப்பு மையில் திருத்தியிருக்கிறேன். எழுத்துப் பிழையைக் கண்டுபிடித்தவளுக்கு அதிலிருந்த பொய் தெரியவில்லை பாருங்கள்!

அவருக்குத் தெரிந்திருக்கிறது. குடிப்பதற்கு முன்பே, கலர் பாட்டிலில் மெழுகைக் காணாதபோதே சந்தேகம் தட்டியிருக்கும். அந்த நாக்குக்கு ஒரு வாய் போதாதா? சேவியர் கூசக்கூடாது என்று அங்கே ஒரு பொய். நான் கொடுத்தது தொலைந்தது என்று வருந்தக்கூடாது என்று எனக்கு ஒரு பொய். நாற்பது வருஷம் என் பீற்றலைக் கேட்டுக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். அவரை இழுத்து வந்தது மழையே இல்லை. நான் எழுதாமல் விட்டதை அவர் அந்த இரண்டாவது வாசிப்பில் படித்துவிட்டார்.

முதலில் கோபம் வந்தது. ஒரு தடவை சொல்லியிருக்கக்கூடாதா மனுஷன்? பிறகு அந்த எழுத்தைத் தடவிக்கொண்டு நின்றேன். அவர் வேண்டும் போல இருந்தது. எதிரே உட்காரவைத்து, என்னங்க, தெரியுமா உங்களுக்கு என்று கேட்டு, "இப்ப எதுக்கு அதெல்லாம் டீச்சரம்மா" என்று அவர் மழுப்புவதைக் கேட்க வேண்டும் போல இருந்தது. இன்னொரு தடவை அந்தப் பொய்யைச் சொன்னாலும் நம்பிவிடுவேன்.

திரும்பி வந்தேன். சேவியர் தலையைக் குனிந்தபடி இருந்தார்.

"குடிங்க சேவியர். குழாய்த் தண்ணி இல்ல. இந்த வருஷத்து ரெண்டாவது மழை."

குடித்தார். மூக்கை உறிஞ்சிக்கொண்டு இன்னொரு டம்ளரும் கேட்டார்.

அவர் போன மறுநாள் ஒரு பாட்டிலைக் கொதிக்க வைத்துக் காயப்போட்டேன். டிரம்மிலிருந்து மழைத் தண்ணீர் நிரப்பினேன். கார்க் அடைத்து, மெழுகும் ஊற்றியாயிற்று. இந்தத் தடவை கடிதத்தில் 'வந்துவிடுங்கள்' என்று முதல் வரியிலேயே எழுதியும் விட்டேன்.

யாரிடம் கொடுத்தனுப்ப?