மார்செலின் பை புறப்பட்ட நேரம்

கனடாவுக்கு வந்து சேர்ந்த கதையை எங்கள் ஆட்கள் எல்லோரும் சொல்லிவிட்டார்கள். நான் சொல்லப்போவது அதைவிடச் சின்னப் பயணம். 1987ஆம் ஆண்டு மாசி மாதத்தில் ஒரு சனிக்கிழமை, மொன்றியலின் செயின்ட்-மிஷேல் பகுதியிலிருந்து ரொக்ஸ்பரோ வழியாக லவாலுக்குப் போனோம். மொத்தத் தூரம் நாற்பத்தைந்து கிலோமீற்றர் வரும். இலங்கையிலிருந்து நான் இங்கே வந்த பயணத்தில்கூட நெஞ்சு இவ்வளவு அடித்ததாக ஞாபகம் இல்லை.

காலை 8.45, செயின்ட்-மிஷேல்

கதவு தட்டப்பட்டபோது நான் நித்திரை. ஹோட்டல் குசினியில் கோப்பை கழுவிவிட்டு விடியற்புறம்தான் வந்து படுத்திருந்தேன். எழும்பிப் போய்த் திறந்தால் கீழ்வீட்டு மார்செல் நிற்கிறார். ஆறடிக்கு மேல் உயரம், உடைந்து பொருந்திய மூக்கு, முப்பத்தைந்து வயது. ஐஸ் ஹொக்கியில் கோல் காப்பது அவருடைய தொழில். பனித்தளத்தில் சறுக்கி வருகிறவர்கள் கறுப்பு ரப்பர் வில்லை ஒன்றை மட்டையால் அடிப்பார்கள். கார் வேகத்தில் வரும் அதற்கு முன்னால் உடம்பைக் கொடுப்பதற்குச் சம்பளம். பத்து வருடத்தில் பதினொரு ஊர்ச் சின்ன அணிகளுக்கு அந்த உடம்பைக் கொடுத்திருந்தார். அந்தக் குளிர்காலத்தில் எந்த ஊரும் அவரைக் கூப்பிடவில்லை.

முதல்நாள் மாலைதான் அவருக்கு ஒரு தொலைபேசி அழைப்பு வந்திருந்தது. லவாலில் விளையாட வந்திருக்கும் ஒரு வெளியூர் அணியின் கோல் காப்பாளர் விரலை முறித்துக்கொண்டாராம். சனி மத்தியானம் ஆட்டம். பத்தரைக்குள் வந்தால் மார்செல் விளையாடலாம். நன்றாக விளையாடினால் பருவம் முடியும் வரை ஒப்பந்தம். வராவிட்டால் கல்லூரிப் பொடியன் ஒருவனை நிறுத்துவார்கள். இதைச் சொல்ல அவர் எங்கள் வீட்டுக்கு ஏறி வந்து, கொத்தமல்லித் தேநீர் குடித்து, சின்னப்பிள்ளை மாதிரிச் சிரித்துவிட்டுப் போனார்.

இப்போது அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. "நாதன், என் பை எங்கே?" என்றார். அவரும் நானும் பேசியது அரைகுறை ஆங்கிலத்தில். இங்கே தமிழில் தருகிறேன்.

அந்தப் பையைத் தெரியாதவர்கள் எங்கள் கட்டடத்தில் இல்லை. ஒரு ஆளை மடித்து வைக்கலாம், அவ்வளவு பெரிது. கால் காப்பு, மார்புக் காப்பு, முகமூடி, கையுறை எல்லாம் அதற்குள். நாற்றம் தாங்காமல் படிக்கட்டின் கீழ் வைத்திருப்பார். இப்போது அந்த இடம் வெறுமையாக இருந்தது.

எனக்குச் சட்டென்று விளங்கிவிட்டது. எங்கள் வீட்டில் ஆறு பேர் இருந்தோம். மூத்தவர் சிவம் அண்ணை. பழைய வான் ஒன்று வைத்திருந்தார். சனிக்கிழமைகளில் அரிசி, கருவாடு, மிளகாய்த்தூள் ஏற்றிக்கொண்டு தமிழ் வீடுகளுக்குக் கொடுத்துவருவார். முதல்நாள் மார்செல் போனபிறகு என்னிடம், "எத்தினை மணிக்கு வெளிக்கிடுறாராம்?" என்று கேட்டார். ஒன்பதரைக்கு என்றேன். முகம் கறுத்துப்போய்விட்டது.

"சனிக்கிழமை ஒன்பதிலை இருந்து பத்தரை மட்டும் ராகுகாலமடா. இப்பிடி ஒரு காரியத்துக்கு அந்த நேரத்திலை போறதோ?"

எங்கள் ஊரில் இதற்கு ஒரு வழி உண்டு. நல்ல நேரத்தில் பயணப் பையைப் படலைக்கு வெளியே எடுத்துக்கொண்டுபோய் வேறொரு வீட்டில் வைத்துவிட்டால், பயணம் தொடங்கியாயிற்று. ஆள் பிறகு எந்த நேரத்திலும் போகலாம். சிவம் அண்ணை விடியற்காலையில் மார்செலின் பையை நல்ல நேரம் பார்த்துத் தன் வானுக்குள் ஏற்றியிருக்கிறார். ஏற்றிவிட்டு வானை அங்கேயே விட்டிருக்கலாமே! வானையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

இதையெல்லாம் மார்செலுக்கு விளக்கிவிட்டு, "அவர் உங்களிடம் கேட்கவில்லையா?" என்றேன்.

"பையைத் தொட்டு ஏதோ சொன்னார். நான் தலையாட்டினேன்."

"ஏன் என்ன என்று கேட்கக்கூடாதா?"

"ஆட்ட நாளில் நான் முகமூடி போடும் வரைக்கும் ஒருவரோடும் பேசுவதில்லை. பேசினால் கூடாது."

அவருக்கு அவருடைய சகுனம், இவருக்கு இவருடையது. இரண்டுக்கும் நடுவில் பை போய்விட்டது.

ரொக்ஸ்பரோவில் அவரிடம் அரிசி வாங்கும் பவானி அக்கா வீட்டுக்குத்தான் முதலில் போயிருப்பார் என்று தொலைபேசியைச் சுழற்றினேன். சிவம் அண்ணையே எடுத்தார். விஷயத்தைச் சொன்னேன்.

"ஐயோ, ஒன்பதுக்கு முதல் திரும்பிடலாம் எண்டுதான் வந்தனான். பனிக்குள்ளை இப்பதான் வந்து சேர்ந்தன். இப்ப ஒன்பது அடிச்சுட்டுது. பத்தரைக்குத்தான் இனி வானை எடுப்பன்."

"அண்ணை, பத்தரைக்கு அவர் அங்கை நிக்கவேணும்!"

"தெரியுதடா. எண்டாலும் நான் எடுக்கமாட்டன். நீங்கள் இஞ்சை வாங்கோ."

மார்செல் அணி மேலாளரை அழைத்தார். வேறு காப்புகள் இருக்கின்றனவாம், ஆனால் கையுறை உதவாது. எல்லோரும் இடக்கையால் பிடிப்பவர்கள். மார்செல் வலக்கையால் பிடிப்பவர். அப்படியானவர்கள் மிகக் குறைவு. பத்தரை என்றால் பத்தரை என்று சொல்லித் தொலைபேசியை வைத்துவிட்டார் மேலாளர்.

காலை 9.10, நெடுஞ்சாலை

மார்செலின் கார் பாதி துருவும், பாதி பனி உருகப் பாதையில் தூவும் உப்புமாக இருந்தது. வெளியே மைனஸ் இருபத்தாறு. வழியில் தெப்பனர் ஒன்றில் ஐந்து டொலருக்குப் பெற்றோல் அடித்தோம். தெப்பனர் என்றால் எங்கள் ஊர்ச் சந்திக்கடை மாதிரி, பால் முதல் பியர் வரைக்கும் வாங்கலாம். ரொக்ஸ்பரோ அங்கிருந்து இருபத்தைந்து கிலோமீற்றர். பனி அள்ளும் வண்டி ஒன்று முன்னால் போனது. அதை முந்தவும் முடியாது, திட்டவும் முடியாது. அது போவதால்தான் பாதையே இருந்தது.

பேசாத விரதம் எப்படியும் கலைந்துவிட்டதால் மார்செல் பேசத் தொடங்கினார்.

"பத்து வருடத்தில் நான் அதிகம் செய்த வேலை என்ன தெரியுமா? கதவு திறந்துவிட்டது. இரண்டாவது கோல் காப்பாளர் பனித்தளத்துக்கு வெளியே வாங்கில் உட்கார்ந்திருப்பான். மற்றவர்கள் உள்ளே வெளியே போகும்போது சின்னக் கதவைத் திறந்துவிடுவான். முதலாவது ஆள் விழுந்தால்தான் அவனுக்கு வேலை."

"அப்படியென்றால் அவர் விழவேண்டும் என்று நினைப்பீர்களா?"

"நினைப்பேன். பிறகு வெட்கப்படுவேன்." முன்னால் போன பனி வண்டியைப் பார்த்தபடி, "ஒரு ஊரில் பஸ் சாரதிதான் எனக்குச் சொன்னார், உன் பெயர் இன்றைக்குப் பட்டியலில் இல்லை என்று. பையை இறக்கி ரோட்டில் வைத்துவிட்டுப் போனார்கள்" என்றார்.

நான் யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூட அணியின் விக்கெட் காப்பாளன். பந்து வராத நேரத்திலும் ஒவ்வொரு பந்துக்கும் குந்தி எழும்பவேண்டும். தவறவிட்டதை மட்டும் எல்லோரும் ஞாபகம் வைத்திருப்பார்கள். அதைச் சொன்னேன். மார்செல் ஸ்ரியரிங்கிலிருந்து ஒரு கையை எடுத்து என் தோளில் தட்டினார். அகதி வழக்கு எப்போது கூப்பிடுவார்கள் என்று இரண்டு வருடமாகக் காத்திருந்த எனக்கு, வாங்கில் காத்திருப்பதைப் பற்றி விளக்கம் தேவைப்படவில்லை. அந்த மனிதர் இன்றைக்கு ஒரு நாளாவது விளையாடவேண்டும் என்று எனக்கு அந்தரமாக இருந்தது.

காலை 9.50, ரொக்ஸ்பரோ

ஒரே மாதிரி வீடுகள், ஒரே மாதிரி பனிக்குவியல்கள். பவானி அக்காவின் வீட்டை வானை வைத்துத்தான் கண்டுபிடித்தோம். அக்கா திருகோணமலைக்காரி. வீட்டுக்கு வந்தவரை வாசலோடு அனுப்புவது அவருக்குத் தெரியாத காரியம்.

"உள்ளுக்கு வாங்கோ தம்பி, அந்தப் பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வாங்கோ. தோசை சுடுறன்."

"அக்கா, நேரமில்லை."

"சாப்பிடாமல் விளையாடப் போறதோ?"

இரண்டு தோசையைச் சுருட்டி மார்செலின் கையில் திணித்துவிட்டுத்தான் விட்டார். சிவம் அண்ணை பைக்குப் பக்கத்தில் குற்றவாளி மாதிரி நின்றார். மூன்று பேருமாகப் பையைத் தூக்கி மார்செலின் காருக்கு மாற்றினோம்.

"இதை மாத்துறது பிழையில்லை. பை காலமையே வெளிக்கிட்டிட்டுது" என்றார் அண்ணை. யாரும் அவரிடம் கேட்கவில்லை.

மார்செல் சாவியைத் திருப்பினார். கார் ஒருமுறை இருமியது. மறுமுறை அதுவும் இல்லை. பற்றறி செத்துவிட்டது. வானோடு இணைத்துக் கிளப்ப ஒருவரிடமும் வயர் இல்லை. இந்தக் குளிரில் இயந்திரத்தை நிறுத்தியிருக்கவே கூடாது. அக்கா டாக்சிக்கு அடித்தார். முக்கால் மணித்தியாலம் ஆகும் என்றார்கள்.

மார்செல் காருக்குள் அப்படியே இருந்தார். தோசை மடியில் ஆறிக்கொண்டிருந்தது. கத்தியிருந்தால்கூட எனக்குப் பரவாயில்லை. இந்த மாதிரி முடியும் என்று அவருக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது போல இருந்ததுதான் தாங்கமுடியவில்லை.

நான் சிவம் அண்ணையைப் பார்த்தேன். அவர் வானைப் பார்த்தார்.

"கொழும்பை விட்டு வெளிக்கிடேக்கை நேரங்காலம் பாக்கேல்லை, தம்பி" என்றார் மெதுவாக. "உயிர் தப்பினால் காணும் எண்டு ஓடினனாங்கள். என்ரை தம்பி வந்து சேரேல்லை. அண்டையிலை இருந்து நான் ஒரு நாளும் ராகுகாலத்திலை படி இறங்கினதில்லை."

இரண்டு வருடம் ஒரே அறையில் படுக்கிறோம். இதை அவர் எனக்குச் சொன்னதில்லை. பஞ்சாங்கப் பைத்தியம் என்று அவரை நாங்கள் பகிடி பண்ணிய நாட்களெல்லாம் ஞாபகத்துக்கு வந்தன. பனியைக் காலால் தள்ளிக்கொண்டு நின்றேன்.

அவர் கோட்டுப் பையிலிருந்து சாவியை எடுத்தார். வானில் ஏறி, கண்ணை மூடி, "பிள்ளையாரே" என்றார். பிறகு சாவியைத் திருப்பினார்.

"என்னடா பாத்துக்கொண்டு நிக்கிறியள்? பையைத் தூக்குங்கோ!"

காலை 10.05, பாலத்துக்கு மேல்

ஆற்றைக் கடந்தால் லவால். ஆறு உறைந்துபோய்க் கிடந்தது. வானுக்குள் மூன்று பேர், எட்டு மூட்டை அரிசி, கருவாடு, மார்செலின் பை. எதன் நாற்றம் எது என்று பிரித்தறிய முடியவில்லை. சிவம் அண்ணை வழி முழுவதும் வாய்க்குள் தேவாரம் சொன்னார். மார்செல் மறுபடி மௌனமாகிவிட்டார். ஆறிய தோசையை மட்டும் ஒரு துண்டும் மிச்சம் விடாமல் சாப்பிட்டு முடித்தார்.

காலை 10.28, லவால்

வாசலில் மேலாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். வானிலிருந்து இறங்கியவர்களைப் பார்த்ததும் ஒரு அடி விலகி வழிவிட்டார். மார்செல் பையைத் தோளில் போட்டுக்கொண்டு, எங்களைத் திரும்பிப் பார்க்காமல் உள்ளே போய்விட்டார். கோபம் இல்லை. ஆட்ட நாள்.

மத்தியானம் 1.00, அரங்கு

ரிக்கெற் ஆறு டொலர். அரிசி கொடுக்கவேண்டிய வீடுகளெல்லாம் அன்றைக்குக் காத்திருந்தன. உள்ளேயும் குளிர்தான். ஆட்டம் தொடங்குமுன் மார்செல் கோல் கம்பங்களை மட்டையால் இடமும் வலமும் ஒவ்வொரு தட்டுத் தட்டினார். "அவரும் ஆரையோ கும்பிடுறார்" என்றார் சிவம் அண்ணை திருப்தியோடு.

ஆட்டத்தின் ஒவ்வொரு கட்டத்தையும் விளக்கி உங்களைக் களைக்கவைக்கமாட்டேன். நான் மார்செலின் கண்களை மட்டும் பார்த்தேன். முகமூடிக்குள் அவை அசையவே இல்லை. இரண்டு கோல்கள் அவரைத் தாண்டிப் போயின; இரண்டிலும் அவர்மேல் குற்றமில்லை. கடைசி நிமிடத்தில் அவருடைய அணி மூன்றுக்கு இரண்டு என்று முன்னால் நின்றபோது, எதிரணிக்காரன் ஒருவன் தனியாக வந்து மேல்மூலைக்கு அடித்தான். மார்செல் குந்தியிருந்த இடத்திலிருந்து வலக்கை மேலே போனது. கையுறைக்குள் ஒரு அடி விழுந்த சத்தம். பிறகு அரங்கு முழுக்க எழும்பியது.

சிவம் அண்ணை வாங்கில் ஏறி நின்று, "பிடிச்சிட்டான்! எங்கடை ஆள் பிடிச்சிட்டான்!" என்று கத்தினார். பக்கத்திலிருந்த கிழவர், நீங்கள் அவருடைய குடும்பமா என்று பிரெஞ்சில் கேட்டார். நான் ஒரு யோசனையும் இல்லாமல் "வி" என்றேன். ஆம் என்று அர்த்தம்.

மாலை 4.15, லவால்

வெளியே அணியின் பஸ் புகை கக்கிக்கொண்டு நின்றது. மார்செல் மேலாளரோடு பேசிவிட்டு வந்தார். மேலாளர் கையைக் குலுக்கினாராம். இதைவிட நன்றாக விளையாடியிருக்கமுடியாது என்றாராம். ஆனால் நேற்று இரவே முதலாளி மேற்கிலிருந்து இருபது வயது ஆள் ஒருவனை எடுத்துவிட்டாராம். திங்கட்கிழமை அவன் வருகிறான். "தேவைப்பட்டால் கூப்பிடுவோம், தொலைபேசிக்குப் பக்கத்தில் இரு" என்றாராம்.

பஸ் போனது. நாங்கள் மூன்று பேரும் அது மூலை திரும்பி மறையும் வரை பார்த்துக்கொண்டு நின்றோம்.

"என்னாலைதான். ராகுகாலத்திலை எடுத்தது" என்றார் சிவம் அண்ணை.

நான் மொழிபெயர்க்காமல் விடப் பார்த்தேன். மார்செல் விடவில்லை, சொல்லவைத்தார். கேட்டுவிட்டு, "அவர் எடுத்திராவிட்டால் நான் இன்றைக்கு வாங்கில்கூட இருந்திருக்கமாட்டேன்" என்றார். "மூன்று வருடத்துக்குப் பிறகு முழு ஆட்டம். அவரிடம் சொல்லு."

சொன்னேன். சிவம் அண்ணை போய் வானின் கதவைத் திறந்தார்.

மாலை 5.20, செயின்ட்-மிஷேல்

வீட்டு வாசலில் வான் நின்றது. நான் பையை இறக்கப் போனேன். மார்செல் என் கையைப் பிடித்தார்.

"பையை வெளியே வைத்தால் பயணம் தொடங்கிவிட்டது என்றுதானே சொன்னாய்?"

"ஓம்."

"பை வீட்டுக்குள் திரும்பி வந்தால்?"

சிவம் அண்ணையிடம் கேட்டேன். அவர் பையைப் பார்த்தார், மார்செலைப் பார்த்தார். "வீட்டுக்குள்ளை வந்தால் பயணம் முடிஞ்சுது" என்றார்.

மார்செல் தலையாட்டினார். கையுறையை மட்டும் காயவைக்க எடுத்துக்கொண்டு, பையை வானுக்குள்ளேயே விட்டுவிட்டு வீட்டுக்குள் போனார்.

அந்தக் குளிர்காலம் முழுவதும் அந்தப் பை அரிசி மூட்டைகளோடு மொன்றியலைச் சுற்றியது. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு என் சொந்தச் சூட்கேஸ் ஞாபகம் வரும். வந்து இரண்டு வருடமாகியும் அதை நான் முழுதாகத் திறந்து அடுக்கவில்லை. ஊரில் எங்கள் வீட்டு அலுமாரியில் என் சட்டைகள் தொங்கிய இடம் இன்னும் வெறுமையாகத்தான் இருக்கும். நானும் புறப்பட்டவன்தான், போய்ச் சேர்ந்தேனா என்று சொல்லத் தெரியவில்லை.

பங்குனியில் ஒரு சனிக்கிழமை, பவானி அக்கா அரிசியை மணந்து பார்த்து மூக்கைச் சுளித்தார்.

"சிவம் அண்ணை, இந்த நாத்தம் பிடிச்ச பையை எங்கையாவது இறக்கி வையுங்கோவன்!"

"ஏலாது பிள்ளை" என்றார் சிவம் அண்ணை. "அது பயணத்திலை நிக்குது."