இரண்டு நாட்காட்டிகளும் ஒரு சந்திராஷ்டமமும்

எங்கள் மெல்போர்ன் சமையலறையில் திங்கட்கிழமைக்கு இரண்டு ராகு காலங்கள். சிவகாசித் தினசரிக் காலண்டர் ஒன்றைச் சொல்லும். இந்த ஊர்ச் சூரிய உதயத்துக்குக் கணித்து இங்குள்ள கோயிலில் கொடுத்த காலண்டர் இன்னொன்றைச் சொல்லும். இரண்டையும் ஒதுக்கியதுபோக மிஞ்சும் நேரத்தில்தான் நான் கார் சாவியை எடுப்பேன். வீட்டில் எனக்குப் பயந்தாங்கொள்ளி என்று பெயர். இருந்துவிட்டுப் போகட்டும்.

நான் சிவகாசிக்குப் பக்கத்துத் திருத்தங்கல்காரி. தம்பி குமரன் அங்கே ஒரு பட்டாசுக் கம்பெனியில் வெடிமருந்து கலக்குகிறான். அனுஷ நட்சத்திரம். மாதந்தோறும் சந்திரன் அவன் ராசிக்கு எட்டாமிடம் வரும்போது, அதுதான் சந்திராஷ்டமம், நான் போன் செய்து அவனை அந்த அறைக்குப் போகவிடாமல் தடுப்பேன். அன்று அவன் பேக்கிங் பக்கம் போய்விடுவான். பதினோரு வருடமாக இப்படித்தான்.

போன மாதம் கைக்கெட்டிய கோயில் காலண்டரைப் பார்த்து, "நாளைக்கு ரெண்டு மணிக்குத்தாம்லே பிறக்குது. அதுக்குள்ள வெளிய வந்துரு" என்றேன். மறுநாள் மூன்று மணிக்கு அடுப்படியில் நின்றபோதுதான் உறைத்தது. அது மெல்போர்னின் இரண்டு மணி. திருத்தங்கலில் ஒன்பதரைக்கே பிறந்துவிட்டது. என் பேச்சை நம்பி, அவன் அந்த ஊர் இரண்டு மணிவரை மருந்துக்குள் இருப்பான். வேலையாட்களின் போனைக் கம்பெனி வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். ஆபீஸ் நம்பரை யாரும் எடுக்கவில்லை.

பாத்திரத்தைத் திருப்பித் தர வந்த பக்கத்து வீட்டு ஹெலன் என் முகத்தைப் பார்த்துப் பதறினாள். தம்பிக்கு நிலா கெட்ட இடத்தில் இருக்கிறது என்றேன். அவள் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்துவிட்டு, "இப்போது பகல்தானே, நிலாவே இல்லையே" என்று என் தோளைத் தட்டினாள். குக்கர் விசில் அடித்ததற்கு எனக்கு உயிர் போய் வந்தது.

ஆறரைக்குமேல் அவனே கூப்பிட்டான். "என்னக்கா, இத்தனை தடவை அடிச்சிருக்கீக?"

சொன்னேன். சிரித்தான். "ஒண்ணும் ஆகலக்கா. நல்லாத்தான் இருக்கேன்."

அழுகை அடங்கிய பிறகு, அதுவரை ஒருநாளும் கேட்காததைக் கேட்டேன். "நீ போகாத நாள்ல யாருலே உள்ள போறது?"

"மாரியப்பண்ணன். எப்பவும் அவுகதான்."

"அவுக நட்சத்திரம் என்ன?"

"அவுகளுக்கே தெரியாதுக்கா. வீட்டுல யாரும் குறிச்சு வைக்கலையாம்."

இந்த மாதச் சந்திராஷ்டமம் இன்று. இம்முறை ஊர் நேரத்தை மூன்று தடவை சரிபார்த்துவிட்டேன். இங்கே பன்னிரண்டேகால், அங்கே வேலைக்கு ஆட்கள் வந்துகொண்டிருப்பார்கள். குமரனின் எண்ணை எடுத்து வைத்திருக்கிறேன், இன்னும் அழுத்தவில்லை. இருவரில் யாரை உள்ளே அனுப்புவது என்று தெரியாமல், மெல்போர்ன் வெயிலில் இருந்தபடியே அந்தக் கம்பெனி வாசலில் நிற்கிறேன்.