பதின்மூன்று எழுத்து

எங்கள் வீட்டுக் கூடத்தில் நான்கு நாற்காலிகள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றில் இரண்டு மாதமாக யாரும் உட்காருவதில்லை. சட்டம் போட்ட ஒரு சான்றிதழ் அதில் சாய்ந்திருக்கிறது. காலையில் சாமிக்கு விளக்கேற்றிவிட்டுத் திரும்பும்போது முதலில் கண்ணில் படுவது அதுதான். கண்ணாடிக்குள் ஈரம் புகுந்து தாளின் ஓரமெல்லாம் பழுப்பேறிவிட்டது. அச்சடித்த ஆங்கில வரிகளும் மங்கிவிட்டன. நடுவில் புள்ளிப் புள்ளியாக விட்டிருந்த கோட்டின்மேல் நீல மையில் எழுதிய ஒரு சொல் மட்டும் இன்றைக்கும் பளிச்சென்று இருக்கிறது. இன்டிஃபேட்டிகபிள். அதை வாய் தடுக்காமல் சொல்ல எனக்கு அந்தக் காலத்தில் ஒரு வாரம் பிடித்தது. "ஆணி அடிச்சு மாட்டிடவா?" என்று என் வீட்டுக்காரர் மூன்று தடவை கேட்டுவிட்டார்.

சான்றிதழ் என்னுடையது இல்லை. எங்கள் லீடர் அக்காவுடையது. புக்கிட் தெங்காவில், ரேடியோ டிவிக்குள் வைக்கும் போர்டுகள் செய்யும் ஒரு தொழிற்சாலையில் நான் இருபத்திரண்டு வருடம் வேலை பார்த்தேன். எங்கள் வரிசையில் பதினெட்டுப் பெண்கள். எல்லோரும் நின்றபடியேதான் வேலை செய்ய வேண்டும். நாங்களாவது ஒரு காலை மாற்றி இன்னொரு காலில் பாரத்தைப் போட்டுக்கொள்வோம். வரிசையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நாளெல்லாம் நடக்கும் அக்காவுக்கு அதற்கும் வழியில்லை. எங்கே போர்டு தேங்குகிறதோ அங்கே வந்து நிற்பார், கையோடு இரண்டு செய்து தள்ளிவிட்டுப் போவார். ஒருத்திக்கு வயிற்று வலி என்றால் அவள் இடத்தில் அவரே நிற்பார். அந்தப் பெரிய கூடத்தில் எங்களில் ஒருவர் உட்காரக்கூடிய நாற்காலி ஒன்றே ஒன்றுதான். கடைசியில், பூதக்கண்ணாடி பொருத்திய சோதனை மேசைக்கு முன்னால் அது இருந்தது.

அக்காவும் நானும் தீவிலுள்ள ஜார்ஜ் டவுன்காரர்கள். காலையில் ஒன்றாக ஃபெரி ஏறி, அக்கரையில் பட்டர்வொர்த்தில் இறங்கி, அங்கே காத்திருக்கும் கம்பெனி பஸ்ஸைப் பிடிப்போம். ஃபெரியில் ஏறியதும் அக்கா ஒரு பெஞ்சில் உட்கார்ந்து, செருப்பைக் கழற்றி, இரண்டு கால்களையும் எதிரே இருக்கும் கம்பியில் தூக்கி வைத்துக்கொள்வார். கண்ணை மூடி முருகன் பெயரை முணுமுணுப்பார். "இந்தக் கால் மணி நேரம் முருகன் எனக்குக் குடுத்தது. மிச்சமெல்லாம் கம்பெனிக்குத்தான்" என்பார். அப்போதே அவர் கெண்டைக்காலில் நரம்புகள் பச்சைக் கயிறுபோலப் புடைத்திருக்கும். பார்த்தும் பார்க்காததுபோல் நான் கடல் பக்கம் திரும்பிக்கொள்வேன்.

எங்கள் கம்பெனியில் ஒரு வழக்கம் இருந்தது. பத்து வருடம் முடித்தவர்களுக்கு ஆண்டு விருந்தில் ஒரு சான்றிதழ் கொடுப்பார்கள். இன்னார் இத்தனை வருடம் இங்கே இப்படிப்பட்ட ஊழியராக இருந்தார் என்று ஆங்கிலத்தில் அச்சடித்திருக்கும். அந்த 'இப்படிப்பட்ட' என்கிற இடத்தில் மட்டும் ஒரு புள்ளிக்கோடு. அதில் ஒரு சொல் எழுதி நிரப்புவது அலுவலகத்தில் கணக்கெழுதும் கிராணியின் வேலை. நம்மவர், தலை நரைத்தவர், மை ஊற்றி எழுதும் பேனா வைத்திருந்தவர். ஆளைப் பார்த்து யோசித்துத்தான் எழுதுவார். எங்களுக்கு அந்தச் சொற்களின் பொருள் தெரியாது. நான் ஆறாம் ஆண்டு வரை தமிழ்ப்பள்ளியில் படித்தேன், பிறகு இடைநிலைப் பள்ளியில் படிவம் மூன்றோடு நின்றுவிட்டேன். மற்றவர்களும் ஏறக்குறைய அப்படித்தான். அதனால் நாங்கள் எழுத்தை எண்ணினோம். நீளமான சொல் என்றால் பெரிய பாராட்டு, குட்டையான சொல் என்றால் ஏதோ ஒப்புக்கு என்று எங்களுக்குள் ஒரு கணக்கு. விருந்து முடிந்த மறுநாள் சாப்பாட்டு மேசையில் இதே பேச்சாக இருக்கும். "எனக்கு எட்டுலா. உனக்கு?" "எனக்குப் பதினொண்ணு. நீ லேட்டா வர்றதுக்கு எட்டே சாஸ்திடி." எனக்குக் கிடைத்தது 'பங்க்சுவல்'. ஆங்கிலத்தில் எட்டு எழுத்து. நேரம் தவறாதவள் என்று அர்த்தமாம். ஃபெரி நேரத்துக்கு வந்தால் நானும் வருவேன், அவ்வளவுதான்.

பிறகு ஒரு வருடம் அக்காவுக்குச் சான்றிதழ் வாங்கும் முறை வந்தது. எனக்கு ஓர் ஆசை. எங்களுக்காக நடந்து நடந்து தேய்ந்தவருக்கு யாருக்கும் இல்லாத நீளத்தில் ஒரு சொல் வேண்டும். வீட்டில் பருப்பு வடை சுட்டு எடுத்துக்கொண்டு சாப்பாட்டு நேரத்தில் கிராணியிடம் போனேன். "அண்ணே, லீடர் அக்காவுக்கு உங்ககிட்ட இருக்கறதிலயே பெரிய வார்த்தையாப் போடுங்க" என்றேன். "வார்த்தை என்னா துணியாம்மா, கஜம் கணக்கா வெட்டிக் குடுக்க?" என்று சிரித்தார். ஆனாலும் வடையைத் தின்றபடியே தடிப் புத்தகம் ஒன்றைப் புரட்டி, ஒரு தாளில் அந்தச் சொல்லை எழுதிக் காட்டினார். எண்ணிப் பார்த்தேன். பதின்மூன்று.

அர்த்தமும் சொன்னார். "களைப்புங்கறது இவங்ககிட்ட வந்து தோத்துப்போகும். எவ்வளவு வேலை குடுத்தாலும் சோர்வடைய மாட்டாங்க. அதான் அர்த்தம். இங்க பாரு, நடுவுல களைப்புக்கான வார்த்தை உக்காந்திருக்கு. முன்னாடி ரெண்டு எழுத்து வந்து, அதெல்லாம் இல்லேன்னு சொல்லுது." அப்புறம் பேனாவை மூடிவிட்டுக் கொஞ்சம் தயங்கினார். "சாதாரணமா வேலை செய்யற ஆளுக்கு இதை யாரும் எழுதறதில்லம்மா. பெரிய தலைவர்களைப் பத்திப் பேப்பர்ல எழுதுவான், அதுவும் பாதி நேரம் அவங்க செத்ததுக்கு அப்புறம். வெள்ளைக்காரன் போர்க்கப்பலுக்கு இந்தப் பேரு வெச்சிருந்தான்." கப்பல் என்னவானது என்று கேட்டேன். "ஒண்ணு முழுகிடுச்சு" என்றார். இருவரும் சிரித்தோம். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போதும் எனக்கு என்னவோபோல் இருக்கிறது.

விருந்தன்று அக்கா சந்தன நிறச் சேலை கட்டி வந்து வாங்கினார். மறுநாள் சாப்பாட்டு மேசையில் எழுத்தை எண்ணியவள் இரண்டு தடவை எண்ணினாள். வரிசையே கைதட்டியது. கிராணி சொன்ன அர்த்தத்தை நான்தான் எல்லோருக்கும் சொன்னேன். அவரிடம் கேட்டு வாங்கியதே நான்தான் என்பதை மட்டும் சொல்லவில்லை. பரிசு தானாக வந்ததாக இருந்தால்தானே அக்காவுக்குப் பெருமை என்று நினைத்தேன்.

கேலி அடுத்த வாரமே ஆரம்பித்தது. அக்கா ஃபெரியில் உட்காரப் போனால், "அக்கா, உங்களுக்குத்தான் களைப்பே வராதாமே, எங்களுக்கு இடம் விடுங்கலா" என்று யாராவது சொல்வாள். வேறு எந்த எண்ணமும் இல்லாத விளையாட்டுத்தான். அக்காவும் சிரித்தபடி எழுந்து இடம் கொடுப்பார். முதலில் அது விளையாட்டாக இருந்தது, பிறகு பழக்கமாகிவிட்டது. ஒரு நாள் பெஞ்சு முழுதும் காலியாக இருந்தபோதும் அவர் கம்பியைப் பிடித்தபடி நின்றுகொண்டிருப்பதைப் பார்த்தேன். உட்காருங்கக்கா என்றேன். "வேணாம்டி. உக்காந்தா எழுந்திரிக்கத்தான் சிரமமா இருக்கு" என்றார். முருகன் கொடுத்த கால் மணி நேரம் அப்படிப் போனது.

இரண்டு வருடம் கழித்துச் சோதனை மேசைக்காரர் வேலையை விட்டு நின்றார். நாற்காலி காலியானது. அந்த இடம் அக்காவுக்குத்தான் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். நரம்பு புடைத்த இடத்தில் புண் வந்து, தினமும் துணி சுற்றிக்கொண்டு வந்துகொண்டிருந்தார். நின்று செய்யும் வேலை வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கிராணிதான் மனு எழுதிக் கொடுத்தார். அக்கா மேனேஜர் அறைக்குள் போய்ச் சீக்கிரமே வெளியே வந்தார். என்ன ஆச்சு என்று கேட்டேன். தேங்கி நின்ற போர்டுகளை நகர்த்திவிட்டுத்தான் சொன்னார்.

"ஃபைலைப் பாத்தாரு. அந்தச் சான்றிதழோட நகல் அதுல இருக்காம். இந்த மாதிரி களைப்பே தெரியாத ஆளை உக்கார வெச்சா லைன் என்னா ஆகறது, நீங்கதான் இந்த லைனுக்கு முதுகெலும்புன்னாரு. கை குடுத்தாருடி. நல்ல மனுஷன்."

"டாக்டர் கடிதம் குடுத்தீங்களாக்கா?"

"குடுத்தேன். காலுக்கு மருந்து போடுங்க, சரியாயிடும்னாரு."

நாற்காலி வேறொருத்திக்குப் போனது. அவளுடைய சான்றிதழில் 'குவைட்' என்று இருந்தது. அமைதியானவள் என்று அர்த்தம், ஐந்தே எழுத்து. எழுத்தை எண்ணி அன்றைக்கு அவளைப் பார்த்துச் சிரித்தவர்களில் நானும் ஒருத்தி. அமைதியாக உட்கார்ந்து பார்க்கிற வேலைக்கு அமைதியானவள்தான் பொருத்தம் என்றார்களாம். அந்தச் சொல்லையும் அதே கிராணிதான் அதே பேனாவால் எழுதினார். பிறகு அவரே மேனேஜரிடம் போய், அது பாராட்டு, ஆளின் உடம்பைப் பற்றி எழுதியது இல்லை என்று எடுத்துச் சொன்னார். அப்படியானால் பொய்யா எழுதினீர்கள் என்று மேனேஜர் கேட்டாராம். அதற்குப் பிறகு எத்தனை வருடம் உழைத்தவர்களுக்கும் கிராணி 'குட்' என்று மட்டுமே எழுதினார். கிழவனுக்குக் கஞ்சத்தனம் வந்துவிட்டது என்று பெண்கள் பேசிக்கொண்டார்கள். எனக்கு மட்டும் காரணம் தெரியும். நான் அங்கேயும் வாயைத் திறக்கவில்லை.

சொல்லிவிடலாம் என்று ஒரு தைப்பூசத்தில் மனம் வந்தது. மலைக்கோயில் படியில் அக்கா பால்குடத்தோடு ஏறிக்கொண்டிருந்தார், நான் பக்கத்தில் போனேன். பாதிப் படியில் நின்று ஒரு கையால் என் தோளைப் பிடித்தார். அந்தக் கையின் கனம் இப்போதும் என் தோளில் இருக்கிறது. "கால் கெஞ்சுதுடி. இதை அவன்கிட்ட மட்டுந்தான் சொல்ல முடியும். வேற யார்கிட்ட சொன்னாலும் நம்ப மாட்டாங்க" என்றார். வாய்வரை வந்ததை விழுங்கிவிட்டேன். சாமியிடம் சொல்லப் போகிற மனுஷியை வழியில் நிறுத்தி என் பாரத்தையும் ஏற்றுவதா என்று அப்போது தோன்றியது. யோசித்துப் பார்த்தால் அது வெறும் சாக்கு. அக்கா என்னைக் கோபித்துக்கொள்வார் என்ற பயம் எனக்கு இல்லை. "ஆசையாத்தானே கேட்ட" என்று மன்னித்துவிடுவார் என்பதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

ஓய்வு பெறும் வரை அவர் நின்றார். பிறகு பட்டர்வொர்த்தில் மகள் வீட்டோடு போனார். நான் மாதம் ஒரு தடவை பார்க்கப் போவேன். கூடத்துச் சுவரில் சான்றிதழ் தொங்கும். அதற்குக் கீழே நாற்காலியில் அக்கா காலைத் தூக்கி வைத்தபடி இருப்பார். யாராவது வந்தால் எழுந்துவிடுவார். கடைசி வருடத்தில் எழ முடியவில்லை. அப்போதும் வந்தவரிடம், "உக்காந்தே பேசறேன்னு தப்பா நெனைக்காதீங்க" என்று மன்னிப்புக் கேட்பார்.

அக்காவின் பதினாறாம் நாள் காரியம் முடிந்து எல்லோரும் போன பிறகு, அவர் மகளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். வடை, தடிப் புத்தகம், எழுத்தை எண்ணியது, எதையும் விடவில்லை. அவள் பாத்திரங்களைத் துடைத்து அடுக்கியபடியே கேட்டுக்கொண்டிருந்தாள். திட்டவில்லை. சமாதானமும் சொல்லவில்லை. கடைசிப் பாத்திரத்தை வைத்துவிட்டு, ஸ்டூல் போட்டு ஏறிச் சான்றிதழைக் கழற்றி என் கையில் கொடுத்தாள்.

"நீங்களே எடுத்துட்டுப் போங்க ஆண்ட்டி. இதுக்குக் கீழதான் நான் வளந்தேன். காய்ச்சல்னு படுத்தாகூட இது பாக்கற மாதிரி இருக்கும். எம்பிள்ளைங்களாவது உக்காரட்டும்."

ஒரு துணியில் சுற்றி எடுத்து வந்தேன். இப்போது ஓடும் ஃபெரி புதிது, ஏறுகிறவர்களுக்கெல்லாம் வரிசையாக இருக்கை போட்டிருக்கிறார்கள். மடியில் அதை வைத்துக்கொண்டு கால் மணி நேரமும் கண்ணை மூடி முருகன் பெயரைச் சொல்லிப் பார்த்தேன். மனம் நிற்கவில்லை. எனக்கும் இப்போது முழங்கால் வலி. பெரிய கூட்டத்தில் நிற்க முடிவதில்லை, கோயிலில்கூடத் தூண் ஓரம் பார்த்து உட்கார்ந்துவிடுகிறேன். உட்காரும்போதெல்லாம் அக்கா ஞாபகம் வருகிறது. களைப்பு இல்லாத மனிதர் யாரும் இல்லை. அவர்களைப் படைத்தவனுக்கு அது தெரியும். எங்களுக்குத்தான் தெரியவில்லை. பதின்மூன்று எழுத்தை எண்ணிய எனக்கு, அதன் நடுவில் உட்கார்ந்திருந்த களைப்பு கண்ணில் படவில்லை, கிராணி விரல் வைத்துக் காட்டியும்.

வீட்டுக்கு வந்ததும் சட்டத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் இந்த நாற்காலியில் வைத்தேன். நேற்று வீட்டுக்காரர் சுத்தியலும் ஆணியுமாகவே வந்து நின்றார். சாமி படத்துக்குப் பக்கத்துச் சுவரைக் காட்டினார். "இங்க மாட்டிட்டா நல்லா இருக்கும். எத்தனை நாளைக்கு அதை அப்படியே உக்கார வெச்சிருப்ப?"

"வேணாங்க" என்றேன். "நின்னது போதும். உக்காந்திருக்கட்டும்."

அவர் சுத்தியலைக் கொண்டுபோய் வைத்துவிட்டு வந்து, பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தார்.