அது பேய் பேசிய பேச்சு இல்லை

என் சேலையைக் கட்டிக்கொண்டு ஒரு தாடிக்காரப் பையன் சினிமாவில் நானாக நடித்தான். முதுகைக் காட்டிக்கொண்டு நடந்ததால் தாடி தெரியவில்லை. இடுப்பு வரை தொங்கிய அவன் முடிதான் தெரிந்தது. திருப்பதியில் ஒரு லாட்ஜ் மாடியில் நாற்காலி போட்டு, விளக்கை அணைத்து, அந்தப் படத்தை எனக்கே காட்டினார்கள். சேலை ஓரத்தில் நான் ஒட்டுப் போட்டிருந்த இடம் திரையில் தாம்பாளம் அளவுக்குத் தெரிந்தது. இப்போது நினைத்தாலும் வயிறு எரிகிறது. சேலைக்காக மட்டும் இல்லை.

படம் எடுத்தவன் என் தங்கச்சி மகன். தங்கச்சியைப் பெங்களூரில் பாக்டரி வேலைக்காரருக்குக் கட்டிக் கொடுத்திருந்தோம். இவன் அங்கேயே பிறந்து, இன்ஜினியரிங் படித்து, கம்ப்யூட்டர் கம்பெனியில் சேர்ந்தான். அமெரிக்காக்காரன் விழித்திருக்கிற நேரத்தில் இவனும் விழித்திருக்க வேண்டிய வேலை. தங்கச்சி பிரிட்ஜ் வாங்கினாள், தரைக்கு மார்பிள் போட்டாள். பிறகு ஒருநாள் போனில் அழுதாள். வேலையை விட்டுவிட்டுக் கேமராவைத் தூக்கிக்கொண்டு சுற்றுகிறானாம்.

"இன்னா படம் எடுக்கறானாம்? ஈரோ யாரு?" என்று கேட்டேன்.

"ஈரோல்லாம் இல்லக்கா. பேய், பில்லி சூனியம், சுடுகாடு. கூடவே தொண்ட கிழியக் கத்தற பாட்டு. ஓட்டலுக்குக் கீழ குழி மாதிரி ஒரு ரூமு, அதுல பாடறானுங்க. போஸ்டர் கூட ஒட்ட மாட்டாங்களாம். காதோட காதா சொல்லிக்கினு போறாங்களாம்."

"சாராயம் விக்கற மாதிரியா?"

"சாராயம் வித்தா நாலு காசாவது வரும்க்கா."

அப்படிப்பட்டவன்தான் பாட்டுக்காரப் பையன்கள் மூன்று பேரைக் கூட்டிக்கொண்டு சித்தூருக்கு, என் வீட்டுக்கு வந்தான். அப்போது என் வீட்டுக்காரர் செத்து சில வருஷம் ஆகியிருந்தது. மாங்காய் சீசனில் மாம்பழக்கூழ் பாக்டரிக்குத் தோல் சீவப் போவேன், மற்ற நாளில் தனியாகக் கிடப்பேன். பையன்கள் எல்லாம் கறுப்பு பனியன், அதில் மண்டையோடு. ஒருத்தனுக்குத் தாடியும் இடுப்பு வரை முடியும். ஒருத்தன் கையில் ஐந்து முனை நட்சத்திரத்தைத் தலைகீழாகப் பச்சை குத்தியிருந்தான்.

"இது எந்தக் கட்சிப்பா?" என்றேன்.

"சாத்தான் கட்சி ஆன்ட்டி" என்றான். எல்லோரும் சிரித்தார்கள்.

அந்தச் சாத்தான் கட்சிக்காரன் ரசத்தைக் கேட்டுக் கேட்டு வாங்கிக் குடித்துவிட்டு, தன் தட்டைத் தானே கழுவி வைத்தான். கெட்ட பையன்கள் என்று சொல்ல மாட்டேன். அவர்களுக்குப் பேய் மேல் ஆசை, அவ்வளவுதான். வேப்பங்குச்சி முதுகில் படாதவர்களுக்கு அந்த ஆசை வரலாம்.

சாப்பிட்டு முடிந்ததும் தங்கச்சி மகன் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். "பெரிம்மா, சின்ன வயசுல உனக்குப் பேய் புடிச்சிதாமே. அம்மா சொன்னாங்க" என்றான்.

நான் யாரோடும் பேசிப் பழகாதவள். பஸ்ஸில் கண்டக்டரிடம் மீதிச் சில்லறை கேட்கவே வாய் வராது. அதைப் பற்றி அதுவரை யாரும் என்னிடம் கேட்டதில்லை. என் முதுகுக்குப் பின்னால் மட்டும் பேசினார்கள்.

"எனக்குப் பேய் புடிக்கலடா" என்றேன்.

"அப்போ இன்னா நடந்துச்சோ அத உன் வாயால சொல்லு. ஒரு வார்த்த மாத்த மாட்டேன் பெரிம்மா. அம்மா மேல சத்தியம்."

அந்தச் சத்தியத்தை நம்பினேன். ஃபேன் சத்தம் வரக்கூடாது என்று அதை நிறுத்தினார்கள், ஜன்னலைச் சாத்தினார்கள். என் ஜாக்கெட்டில் ஒரு சின்ன மைக்கைக் குத்தினார்கள். கேமராவைப் பார்த்தால் பேச்சு வராது என்று சொன்னேன். சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டு சொன்னேன். சொன்னது இதுதான்.

சித்தூரிலிருந்து வேலூர் போகும் ரோட்டில், தமிழ்நாட்டு எல்லைக்கு இந்தப் பக்கம் எங்கள் ஊர். அஞ்சாவது வரைக்கும் படித்தேன். வீட்டுக்கு யாராவது வந்தால் பின்பக்கம் போய் ஒளிந்துகொள்வேன், அப்படி ஒரு கூச்சம். பத்தொன்பது வயதில் என்னை என் அம்மாவின் தம்பிக்குக் கொடுப்பதென்று முடிவு செய்தார்கள். மாமனுக்கு மூத்தாள் செத்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. செத்தவள் உடம்பில் இருந்த தழும்புகளை, குளிப்பாட்டும்போது நான் பார்த்திருந்தேன். ஆனால் வேண்டாம் என்று நைனாவிடம் சொல்ல எனக்கு வாய் இல்லை. சோறு இறங்கவில்லை. இருந்த கொஞ்சம் பேச்சும் நின்றுபோனது. பேசாத பெண் சாப்பிடாமலும் கிடந்தால் எங்கள் ஊரில் அதற்குக் காரணம் தேட மாட்டார்கள், பேயோட்டும் பம்பைக்காரரைத்தான் தேடுவார்கள்.

நல்ல வெயில் நேரத்தில் ரோட்டோரப் புளியமரத்தடியில் என்னை உட்காரவைத்துப் பம்பை அடித்தார்கள். பூசாரி தெலுங்குக்காரர். முடியைக் கையில் சுற்றிப் பிடித்துக்கொண்டு, "எவரு நுவ்வு? பேரு செப்பு" என்றார். நீ யார், பேரைச் சொல் என்று. எனக்கு இருந்தது ஒரே பேர்தான். அதைச் சொன்னேன். பேய் பொய் சொல்கிறது என்று வேப்பங்குச்சியால் அடித்தார்கள். மறுபடி கேட்டார், மறுபடியும் என் பேரையே சொன்னேன். மறுபடி அடி. என் தொண்டையிலிருந்து ஒரு கத்தல் வந்தது. அது என் தொண்டைதானா என்று எனக்கே தெரியவில்லை.

அப்புறம் பூசாரி கேட்டார்: "நீக்கு ஏம் காவாலி? உனக்கு இன்னா வேணும், சொல்லு."

பிறந்ததிலிருந்து என்னை யாரும் அப்படிக் கேட்டதில்லை. நான் கத்திச் சொன்னேன். "எனக்கு மாமன் வேணாம். என்ன வுட்டுடுங்க."

பம்பை நின்றது. கூட்டத்தில் யாரோ, "பேய்க்குத் தமிழு நல்லா வருதுடா" என்றான். சிரித்தார்கள். பூசாரி நைனாவிடம் சொன்னார். "உன் பொண்ணு இப்டிப் பேசுமா? பேசாது இல்ல? கல்யாணத்தக் கெடுக்க வந்த பேய் பேசுது." நைனா தலையாட்டினார். என் உச்சி முடியில் ஒரு கொத்தைப் பிடுங்கி, புளியமரத்தில் வைத்து ஆணி அடித்தார்கள். பேய் அந்த ஆணியில் அடங்கிவிட்டதாம். அடுத்த மாதம் மாமனுக்கு என்னைக் கட்டி வைத்தார்கள். நான் ஆயுசில் ஒரே ஒரு தரம் வேண்டாம் என்று சொன்னேன். அதுவும் பேய் கணக்கில் போய்விட்டது.

மாமனோடு வாழ்ந்ததை எழுதப் போவதில்லை. ஒன்றை மட்டும் சொல்கிறேன். ரோட்டை அகலம் பண்ண வந்தவர்கள் அந்தப் புளியமரத்தையும் அறுத்தார்கள். உள்ளே இருந்த ஆணிகளில் பட்டு ரம்பத்தின் பல் உடைந்துகொண்டே இருந்ததாம். எத்தனை பெண்களின் ஆணியோ. மரம் போன சேதி கேட்டதும் என் வீட்டுக்காரர் எலுமிச்சம்பழம் வாங்கி வந்து வாசலில் கட்டினார். பேய் திரும்பி வந்துவிடும் என்று பயம். சில நாள் என்னை "சாப்பிட்டியா" என்று கேட்டார். கை நீட்டவில்லை. என் கலியாண வாழ்க்கையில் நல்ல நாட்கள் என்றால் அவைதான்.

இதையெல்லாம் சுவரைப் பார்த்துச் சொல்லி முடித்துத் திரும்பினேன். சாத்தான் கட்சிக்காரன் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தான். என் பாரம் இறங்கினது போல இருந்தது. அன்றைக்கு நன்றாகத் தூங்கினேன். அதை நினைத்தால்தான் இன்னும் கோபம் வருகிறது.

மறுநாள் என்னை ஊருக்கு வெளியே வேறொரு புளியமரத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். மரத்தில் பெரிய துருப்பிடித்த ஆணி. அதில் ஒரு கொத்து முடி தொங்கியது.

"இது எது?" என்றேன்.

"திருப்பதியில வாங்கின சவுரி பெரிம்மா. பழைய மரம் இல்லியே. நீ வந்து இந்த ஆணியப் புடுங்கற மாதிரி ஒரு ஷாட். உனக்கு விடுதல கெடைக்கற மாதிரி."

"எவ தல முடிடா இது?"

"யாருக்குத் தெரியும். மொட்ட அடிச்சவங்க யாராவது."

எந்தத் தாய் பிள்ளைக்கு ஜுரம் இறங்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டு இறக்கின முடியோ. அதைக் காசு கொடுத்து வாங்கி, பேயின் முடி என்று ஆணியில் மாட்டியிருக்கிறான். அதைப் பிடுங்கினால் எனக்கு விடுதலையாம். நான் ஆணியைத் தொடவில்லை. சவுரியை மட்டும் உருவி எடுத்து, எறும்பைத் தட்டி, முந்தானையில் முடிந்துகொண்டு வீட்டுக்கு நடந்தேன்.

"ஷூட்டிங் ப்ராப்பர்ட்டியக் குடு பெரிம்மா" என்று பின்னாலேயே வந்தான்.

"யாரு ப்ராப்பர்ட்டி?" என்றேன். அன்று சாயந்திரம் கொடியில் காய்ந்த என் சேலையைக் காணோம். மறுநாள் காலையில் மடித்து வைத்திருந்தது. காற்றில் விழுந்ததை யாரோ எடுத்து வைத்தார்கள் என்று நினைத்தேன்.

ஒரு வருஷம் கழித்துத் திருப்பதியில் படம் போட்டார்கள். காலேஜ் பிள்ளைகளும் பெங்களூர் பிள்ளைகளும் வந்திருந்தார்கள். நானும் தங்கச்சியும் முன்வரிசை. தாடிக்காரன் என் சேலையில் போய் ஆணியைப் பிடுங்கினான். பம்பையும் கிட்டாரும் சேர்ந்து காது கிழிந்தது. நான் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். என் பேச்சு வரும், அதற்காகத்தானே வந்தேன் என்று.

வந்தது. திரை சிவப்பாக மாறியது. பாழுங்கிணற்றிலிருந்து எருமை உறுமுவது போல ஒரு குரல். "எனக்கு மாமன் வேணாம். என்ன வுட்டுடுங்க." என் வார்த்தைதான். என் குரலையே மெஷினில் போட்டு, இறக்கி, இழுத்து, பேயின் குரலாக ஆக்கியிருந்தான். பாட்டுக்காரப் பையன்கள் அதையே பல்லவியாக்கி மறுபடி மறுபடி கத்தினார்கள். பின்னாலிருந்த பிள்ளைகள் விசில் அடித்தார்கள்.

ஊரில் பூசாரி செய்ததையே இவனும் செய்தான். பூசாரிக்கு ஆணி வேண்டியிருந்தது, இவனுக்கு மெஷினே போதுமாக இருந்தது.

விளக்கு போட்டதும் மேடைக்கு என்னைக் கூப்பிட்டார்கள். என்னால் ஏற முடியாது என்று தங்கச்சி சொல்வதற்குள் நான் ஏறிவிட்டேன். மைக்கைக் கையில் வாங்கினேன். "அது பேய் பேசல. நான் பேசினேன். என் கொரல ஏன் மாத்தின?" என்று கேட்டேன். தங்கச்சி மகனைப் பார்த்துத்தான் கேட்டேன். கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. நான் கேட்டதும் படத்தோடு சேர்ந்தது என்று நினைத்துக்கொண்டார்கள். அவனும் கைதட்டினான்.

பஸ் ஸ்டாண்டில் ஓடி வந்தான். "பெரிம்மா, கோவமா? அந்த எடம்தான் எல்லாருக்கும் புடிச்சிருக்கு."

"சத்தியம் பண்ணியே."

"ஒரு வார்த்தகூட மாத்தலியே. சவுண்டதான் மாத்தினேன்."

தங்கச்சி நடு பஸ் ஸ்டாண்டில் அவனை ஓங்கி ஒன்று வைத்தாள். "எங்கக்கா அன்னிக்குக் கத்தறப்ப நான் சொம்பு புடிச்சிக்கினு நின்னேன்டா. என்கிட்டயும் பேய் பேசுதுன்னுதான் சொன்னாங்க. உனக்குந் தெரியும்டா நாயே, அவளே சொன்னாளே." அவள் அழுததைப் பார்த்துத்தான் அவன் பயந்தான். நான் சொன்னேன். "என் கொரல எப்டிச் சொன்னனோ அப்டியே திருப்பி வை. அதுக்கு மேல உன்கிட்ட எனக்கு ஒண்ணும் வேணாம்."

சில மாதம் கழித்து ஒரு சிடி அனுப்பினான். பக்கத்து வீட்டில் போட்டுப் பார்த்தேன். ஆணி இருந்தது, மரம் இருந்தது, என் சேலை இருந்தது. பாட்டு இருந்தது, அதில் வார்த்தை இல்லை. என் பேச்சு எங்கேயும் இல்லை. போன் செய்தேன்.

"உன் இஷ்டப்படியே எடுத்துட்டேன் பெரிம்மா. இப்போ சந்தோஷமா?"

"எடுக்கச் சொல்லலடா. திருப்பி வைக்கச் சொன்னேன்."

"அந்த ஒரிஜினலு ஏதோ டிஸ்க்குல கீது. தேடணும்."

இப்போது அவன் கனடாவில் இருக்கிறான். பெண்டாட்டி, பிள்ளை, பழையபடி கம்ப்யூட்டர் வேலை. தங்கச்சி கேட்கும்போதெல்லாம் தேடுகிறேன் என்கிறானாம். சவுரி என் டிரங்குப் பெட்டியில் இருக்கிறது. யாருடையது என்று தெரியாமல் எறிய மனசு வரவில்லை. சீயக்காய் போட்டு அலசி, எண்ணெய் தொட்டு வைத்திருக்கிறேன்.

அவன் தேடட்டும். நான் காத்திருக்கப் போவதில்லை. அதனால்தான் அஞ்சாங்கிளாஸ் கையெழுத்தில் இதை உட்கார்ந்து எழுதுகிறேன். புளியமரத்தடியில் அந்த வெயிலில் பேசியது நான். பூசாரி பேர் கேட்டபோது என் பேரைச் சொன்னேன், அது பொய் இல்லை. என்ன வேண்டும் என்று கேட்டபோது மாமன் வேண்டாம் என்று சொன்னேன், அதுவும் பொய் இல்லை. சுயபுத்தியோடு சொன்னேன். அவர்களுக்கு நன்றாகக் கேட்டது.