முதல் போன் யாருக்கு?

மூன்று வருடங்களுக்கு முன்பு, பலாப்பழ சீசனில் கொல்லிமலையில் நடந்தது இது. நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ரத்தம் சூடாகிறது.

மலைமேல் ஒரு சுகாதார நிலையத்தில் மருந்து கொடுக்கும் வேலை எனக்கு. வீடு அடிவாரத்து ஊரில். காலை பஸ்ஸில் ஏறினால் சாயங்கால பஸ்ஸில் இறங்குவேன். கணவருக்கு அதே ஊரில் எலக்ட்ரிக்கல் கடை. மூன்று வயது மகனை அவர் கடைக்கு அடுத்த தெருவில் இருக்கும் குழந்தைகள் காப்பகத்தில் விட்டுவிட்டுத்தான் பஸ் ஏறுவேன்.

அன்றைக்குக் கூட்டம் அதிகம். வந்திருந்த குழந்தைகளில் பாதிப் பேருக்குக் காய்ச்சல். ஒவ்வொரு அம்மாவுக்கும் சிரப்பை எப்படிக் கொடுக்க வேண்டும் என்று சொல்லிச் சொல்லி என் தொண்டை கட்டிவிட்டது. எங்கள் கட்டிடம் பள்ளத்தில் இருப்பதால் உள்ளே போன் எடுக்காது. மதியம் சாப்பிட்டுவிட்டு மேலே ரோட்டுக்கு வந்தேன். காப்பகத்திலிருந்து வரிசையாக அழைப்புகள் வந்து நின்றிருந்தன. உடனே கூப்பிட்டேன்.

“புள்ளைக்கு மேலு அனலாக் கொதிக்குதுங்க மேடம். ஒருக்கா கண்ணு மேல சொருகிப் போச்சுங்க. நீங்க வெரசா வாங்க” என்றார் அங்கே குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் அம்மா.

காய்ச்சல் ஏறி வலிப்பு வந்த குழந்தைகளை நான் பார்த்திருக்கிறேன். உடனே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போகச் சொன்னேன். “மத்த புள்ளைங்கள விட்டுப்போட்டு எப்படிங்க போறது? பெத்தவங்க இல்லாம எனக்குப் பயமா இருக்குதுங்க” என்றார். அவர் ஒருத்திதான் அங்கே. அவரை என்ன சொல்ல முடியும்? நானே வருகிறேன் என்று சொல்லிவிட்டுக் கணவரைக் கூப்பிட்டேன். எடுக்கவில்லை. மறுபடியும் கூப்பிட்டேன். எடுக்கவில்லை.

டாக்டரிடம் சொன்னதும் ஓடச் சொல்லிவிட்டார். பஸ் அந்த நேரத்துக்கு இல்லை. பலாப்பழம் ஏற்றிய ஒரு பிக்கப் வேன் கிளம்பிக்கொண்டிருந்தது. டிரைவருக்குப் பக்கத்தில் என் வயதுப் பெண் ஒருத்தி, மடியில் பெண் குழந்தையோடு உட்கார்ந்திருந்தாள். சந்தையில் விற்கக் கொண்டுபோகும் பழங்கள் அவளுடையவை. விஷயத்தைக் கேட்டதும் நகர்ந்து இடம் கொடுத்தாள்.

அந்த ரோட்டில் போனவர்களுக்கு அதைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. ஒரு வளைவு முடிவதற்குள் அடுத்தது. வேனை இதைவிட வேகமாக ஓட்ட முடியாது என்று எனக்கே தெரியும். ஆனாலும் “கொஞ்சம் சீக்கிரம்ங்க” என்று டிரைவரிடம் சொல்லிக்கொண்டே இருந்தேன். போனில் சிக்னல் இல்லை. என் பிள்ளை இப்போது எப்படி இருக்கிறான் என்று தெரியாமல் உட்கார்ந்திருந்த அந்த நேரத்தை எந்தத் தாய்க்கும் கொடுக்கக் கூடாது.

ஒரு வளைவில் திரும்பியதும் அடிவாரம் தெரிந்தது. சிக்னலும் வந்தது. கணவர் போனை எடுத்தார்.

“என்னங்க, தம்பிக்கு…” என்று ஆரம்பித்தேன்.

“ஆமா, எனக்கும் போன் பண்ணுனாங்க. கடையில ஆள் நின்னாங்க, உனக்குச் சொல்லச் சொல்லிட்டேன். நீதான் வந்துட்டிருக்கியாமே?”

எனக்கு முதலில் புரியவே இல்லை. அவருக்குத் தெரியும். எனக்கு முன்பே தெரியும். நடந்தே போய்விடக்கூடிய தூரத்தில் பிள்ளை கிடக்கிறான். இவர் யாருக்கோ ஒயர் அளந்து வெட்டிக்கொண்டிருந்திருக்கிறார்!

கத்தினேன். என்ன கத்தினேன் என்று ஞாபகம் இல்லை. டிரைவர் வேனை ஓரமாக நிறுத்திவிட்டார். கணவர் மறுமுனையில், “இப்ப எதுக்கு இப்படிச் சத்தம் போடற? சாதாரணக் காய்ச்சல்தானே?” என்று சாவகாசமாகக் கேட்டுக்கொண்டிருந்தார். எனக்கு அழுகையில் பேச்சு வரவில்லை. பக்கத்தில் இருந்த பெண் என் கையிலிருந்து போனை வாங்கினாள்.

“ஏனுங்க, நாங்க இன்னும் பாதி மலைகூட எறங்கலைங்க. புள்ளைக்குக் கண்ணு சொருகுதாமா. கடையச் சாத்திப்போட்டு மொதல்ல போயித் தூக்குங்க.”

“சரிங்க, சரிங்க” என்று அவர் சொன்னது எனக்கும் கேட்டது. கட்டிய மனைவி கதறியபோது வராத அவசரம், முகம் தெரியாத ஒருத்தி கேட்டதும் வந்துவிட்டது. அதற்கும் சேர்த்துக் கோபம் வந்தது எனக்கு.

வேன் கிளம்பியதும் அவள் தன் மகளின் தலையைத் தடவிக்கொண்டே, “எங்கூட்டுக்காரரு மட்டும் என்னவாம்? இவள எங்கிட்ட விட்டுப்போட்டு வெறுங்கைய வீசிட்டுத்தான் காட்டுக்குப் போனாரு” என்றாள். அடிவாரத்தில் என்னை ஆட்டோ ஏற்றிவிட்டுத்தான் அவள் சந்தைக்குப் போனாள். அவள் பெயரைக்கூட நான் கேட்கவில்லை.

ஆஸ்பத்திரியில் மகன் அவன் அப்பா மடியில் தூங்கிக்கொண்டிருந்தான். காய்ச்சல் இறங்கியிருந்தது, பயமில்லை என்றார்கள். அவன் நெற்றியைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டேன். அப்போது நர்ஸ் சொன்னார்: “கடையச் சாத்திட்டு ஓடி வந்திருக்காரு பாருங்க, எத்தனை பேரு இப்படி வருவாங்க? ஏம்மா, நீங்க இப்பத்தான் வாறீங்களா?”

“நான் மலையிலிருந்து வாரேன். இவரு அடுத்த தெருவிலிருந்து வந்தாரு” என்றேன். வார்டே திரும்பிப் பார்த்தது. பார்க்கட்டும்!

வீட்டுக்கு வந்ததும், “அவ்வளவு சீரியஸ்னு எனக்கென்ன தெரியும்?” என்றார் அவர். “எனக்கும்தான் தெரியாது. ஆனா நான் கிளம்பினேன்” என்றேன்.

இரண்டு நாள் கழித்து மறுபடியும் வேலைக்குக் கிளம்பிய காலையில் காப்பகத்தில் சொன்னேன், இனிமேல் எதுவானாலும் முதல் போன் அப்பாவுக்கு, அவர் வராவிட்டால் வரும்வரை அவருக்கேதான் என்று. அந்த அம்மா தயங்கி, “சாருக்குக் கடையில வேலையா இருக்குமுங்களே” என்றார். எனக்கு வேலை இருக்காதா என்று கேட்டேன். அவர் சங்கடத்தோடு சிரித்தார். அவரும் தன் பிள்ளைகளைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு வேலைக்கு வருகிறவர்தான்.

அடுத்த மாதம் மகனுக்கு வயிற்றுப்போக்கு வந்தபோது போன் அவருக்குத்தான் போனது. போனார். போய் நின்றுகொண்டு, மாற்று டவுசர் எங்கே இருக்கிறது என்று கேட்க என்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறார். நல்லவேளை, பள்ளத்தில் சிக்னல் இல்லை. அவரே தேடிக் கண்டுபிடித்துவிட்டார். இப்போது பரவாயில்லை, நான் சொல்லாமலே சிலது நடக்கிறது. அதற்காக யாராவது அவரைப் பாராட்டினால் மட்டும் என்னால் இன்னும் சிரிக்க முடிவதில்லை.

என் மகனும் ஒருநாள் தகப்பனாவான். அன்றைக்குத் தனக்கு வரும் போனை ‘அம்மாவுக்குச் சொல்லுங்க’ என்று அவன் தள்ளிவிடாமல் இருக்க வேண்டும் என்பதற்காகவே, அன்றைய கோபத்தை நான் இதுவரை ஆறவிடவில்லை.