வெள்ளைப் பூதத்துக்கு வைத்த பொட்டு

எனக்குப் பொறாமை உண்டு. அதற்கு ஆதங்கம் என்று நாகரிகமாகப் பேர் வைத்துக்கொள்வதில்லை. வயிறு எரியும், அவ்வளவுதான்.

வினைல் என்கிற பிளாஸ்டிக்கில் செய்த பொம்மைகளைச் சேர்ப்பது என் பழக்கம். குழந்தைகள் விளையாடுகிற ரகமல்ல. ஒரு ஓவியர் வடிவமைத்து, இருநூறோ முந்நூறோ மட்டும் செய்து, ஒவ்வொன்றின் பாதத்திலும் எண் போட்டு விடுவார்கள். இணையத்தில் பெயர் கொடுத்துக் குலுக்கலில் விழுந்தால்தான் வாங்க முடியும். கீரனூரிலிருந்து திருச்சிக்கு என்னோடு காலை பஸ்ஸில் வரும் நண்பருக்கு இந்தப் பைத்தியத்தைப் பிடிக்க வைத்ததே நான்தான். அவர் பெயரைக் குலுக்கலில் பதிந்துகொடுத்ததும் நான்தான்.

அது ஒரு வெள்ளைப் பூதம். உள்ளங்கை உயரம், சின்னத் தொப்பை, தூங்கி வழியும் கண்கள். அதை வடிவமைத்த ஓவியரின் பொம்மைக்காக ஆறு குலுக்கலில் தோற்றவன் நான். நண்பருக்கு முதல் தடவையிலேயே விழுந்தது. வாயெல்லாம் பல்லாகச் சொன்னார். “ரொம்ப சந்தோஷம்ங்க” என்று சொல்லிவிட்டு, திருச்சி வரும்வரை ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன். பெட்டியைக் கிழித்து டிவி பக்கத்தில் வைத்திருக்கிறார் என்று கேள்விப்பட்டபோது இன்னும் எரிந்தது. அருமை தெரியாதவன் கையில் போய்ச் சேர்ந்திருக்கிறதே!

ஆயுத பூஜைக்குக் கூப்பிட்டார். பூதத்தைப் பார்க்கத்தான் போனேன். அவர் வாழை இலை வாங்கக் கடைக்குப் போயிருந்தார். அவர் மனைவி வண்டி, மிக்சி, தையல் மெஷின் என்று ஒன்று விடாமல் மஞ்சள் குழைத்து வைத்து, மேலே குங்குமம் இட்டுக்கொண்டிருந்தார். லேப்டாப்பும் தப்பவில்லை. அதன்பிறகு பூதத்தைக் கையில் எடுத்தார்.

“அண்ணே, அவுக இத உசிரா வச்சிருக்காக. இதுக்கும் பொட்டு வச்சிரவா? கறை கிறை ஆயிராதுல்ல?”

வெள்ளை வினைலில் மஞ்சள் ஏறினால் இறங்காது. என் பொம்மை ஒன்றை அப்படித்தான் பாழாக்கினேன். அந்த ஊரிலேயே இதை அறிந்த ஒரே ஆள் நானாகத்தான் இருப்பேன்.

“ஒண்ணும் ஆகாதும்மா. தாராளமா வைங்க. தொடச்சாப் போயிரும்.”

நெற்றியிலும் தொப்பையிலும் அழுத்தமாக வைத்தார். பூஜை முடிந்ததும் பொரிகடலையை இரண்டு கையாலும் அள்ளித் தின்றேன். அன்றைக்கு நல்ல பசி.

மறுநாள் நண்பர் போன் செய்தார். சோப்பு, தேங்காயெண்ணெய், எலுமிச்சை எல்லாம் போட்டுத் தேய்த்தும் போகவில்லையாம்.

“அவ ஒங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டிருந்தா வேணாம்னு சொல்லியிருப்பீங்க. ‘அண்ணன் வந்திருந்தாருல்ல, கேட்டியாடி’ன்னேன். ‘கேக்கல, நானாத்தான் வச்சேன்’னுட்டு அழுவுறா. நானும் கொஞ்சம் வஞ்சுட்டேங்க.”

எங்களுக்குள் மனக்கசப்பு வந்துவிடக் கூடாதென்று அந்தப் பெண் பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டிருக்கிறார். உண்மையைச் சொல்ல எனக்கு அதைவிட நல்ல இடம் வாய்த்திருக்காது. போனை இந்தக் காதிலிருந்து அந்தக் காதுக்கு மாற்றினேன்.

“பாவம், வையாதீங்க” என்றேன், பெரிய மனுஷனைப் போல. “அவங்களுக்கு என்ன தெரியும்?”